கணக்கு வாத்தியார் ரொமேஷ்

நகைச்சுவைக் கலைஞர் ரொமேஷ் ரங்கநாதன் 2015இல் பிபிசிக்காக இலங்கைக்குப் போன தொடரை நேற்று ராத்திரி மறுபடி பார்த்தேன். பூர்வீகம் பற்றி ஒன்றுமே தெரியாமல் இருக்கிறானே என்று அவரை அனுப்பி வைத்ததே அம்மா சாந்திதான்.

இங்கிலாந்தின் க்ராலியில் பிறந்த இலங்கைத் தமிழர். பள்ளியில் கணக்கு வாத்தியாராக இருந்துகொண்டே நகைச்சுவை மேடையேறியவர். குடும்பம், மாதச் சம்பளம் என்று இருக்கும்போது, முப்பது வயதுக்கு மேல் அந்த வேலையை விட எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்! 2013இல் எடின்பரோ கலைவிழாவின் நகைச்சுவை விருதுக்கான சிறந்த புதுமுகப் பட்டியலில் இடம். அப்புறம் தொலைக்காட்சி. 2021இல் பிரிட்டனின் பாஃப்டா தொலைக்காட்சி விருது.

முகத்தில் சிரிப்பே இருக்காது. சலித்துப்போன குரல். அம்மா பேச ஆரம்பித்ததும் மட்டும் கண் லேசாக இளகும். அந்த ஒரு நொடிக்காகவே திரும்பத் திரும்பப் பார்க்கிறேன்.