ஆகஸ்ட் பக்கத்தில் எழுதிய ஜூலை வாய்தா

ஒரு சீனியர் வக்கீலிடம் ஜூனியராகச் சேர்ந்து இரண்டாவது வருடம். முன்சீப் கோர்ட்டில் 80,000 ரூபாய்க்கு ஒரு புரோநோட் வழக்கு. மகள் கல்யாணத்துக்குச் சேர்த்த பணத்தைத் தெரிந்தவருக்குக் கடனாகக் கொடுத்துவிட்டு அலைந்துகொண்டிருந்த ஒரு வயதான அம்மாதான் வாதி. அவரை விசாரிக்க ஜூலை 12-க்கு வாய்தா போட்டிருந்தார்கள். நான் அதை டைரியில் ஆகஸ்ட் பக்கத்தில் எழுதிவிட்டேன்.

ஆகஸ்ட் 12 காலையில் அந்த அம்மா முதல் பஸ்ஸைப் பிடித்து வந்து நிற்கிறார், பட்டியலில் எங்கள் வழக்கு இல்லை, பெஞ்ச் கிளார்க்கிடம் போய்க் கேட்டால் "அது போன மாசமே டீஃபால்ட்ல போயிடுச்சே சார்" என்கிறார். வாதி வராததால் வழக்கு தள்ளுபடி ஆகிவிட்டது என்று அர்த்தம். எனக்குக் கை நடுங்கிவிட்டது. ஜூலை 12 அன்று எதிர்த்தரப்பு வக்கீல் ஆஜராகியிருக்கிறார். இரண்டு பக்கமும் வராமல் போயிருந்தால் காலவரம்புக்குள் புதிதாகவே வழக்குப் போடலாம். பிரதிவாதி வந்து வாதி மட்டும் வராமல் தள்ளுபடி ஆனால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 9 விதி 9-இன்படி அதே விஷயத்துக்கு மறுபடி வழக்குப் போட முடியாது, தள்ளுபடியை நீக்கச் சொல்லி மனுப் போடுவது ஒன்றுதான் வழி. அதற்குக் கெடு 30 நாள். அது முந்தைய நாளோடு முடிந்திருந்தது.

ஆபீஸில் சிலர் சொன்ன யோசனை மஞ்சள் காமாலை. கட்சிக்காரருக்குக் காமாலை, நாட்டு மருந்து சாப்பிட்டுப் படுத்திருந்தார் என்று எழுதும் பிரமாணப் பத்திரங்கள் நம் கோர்ட்டுகளில் ஏராளம். எனக்கு மனம் ஒப்பவில்லை. என் தப்புக்கு அந்த அம்மா ஏன் பொய்ச் சத்தியம் செய்ய வேண்டும்? சீனியரிடம் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "சரி, நடந்ததை நடந்தபடி நீயே எழுது" என்றார். என் பெயரிலேயே பிரமாணப் பத்திரம் போட்டு, டைரிப் பக்கத்தின் நகலையும் சேர்த்து, தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, வழக்கைக் கோப்பில் எடுக்க ஒரு மனு என இரண்டையும் 14-ஆம் தேதியே தாக்கல் செய்தோம். தாமதம் மூன்று நாள்.

எதிர்த்தரப்பு அலட்சியம் என்று கடுமையாக ஆட்சேபித்தது. சீனியர் உச்ச நீதிமன்றத்தின் 1981 ரஃபீக் தீர்ப்பைக் காட்டி, வக்கீல் வராததற்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று வாதிட்டார். நீதிபதி டைரி நகலை இரண்டு முறை பார்த்தார். ஒரு வாரத்துக்குள் 500 ரூபாய் செலவுத்தொகை கட்ட வேண்டும், கட்டத் தவறினால் மனு தள்ளுபடி என்ற நிபந்தனையோடு அனுமதித்தார். மறுநாளே என் பணத்தில் கட்டினேன். இன்றுவரை வாய்தா தேதியை டைரியிலும் கேஸ் கட்டின் மேலும் எழுதி, குமாஸ்தாவை ஒருமுறை வாசிக்கச் சொல்லிக் கேட்டுக்கொள்கிறேன்.

வெளியே வந்து அந்த அம்மாவிடம் முதலிலிருந்து எல்லாவற்றையும் சொன்னேன், திட்டுவார் என்றுதான் நினைத்தேன். "அந்தாளு மறுபடி கோர்ட்டுக்கு வந்து நிப்பானா தம்பி?" என்று மட்டும் கேட்டார்.

"நிப்பாரும்மா" என்றேன்.