பத்திரம் நம் பெயரில், பட்டா அடுத்தவர் பெயரில்: தாலுகா ஆபீஸா, கோர்ட்டா?

பண்ருட்டிப் பக்கத்து முந்திரித் தோப்போ, குறிஞ்சிப்பாடி நஞ்சையோ, பத்திரம் ஒருவர் கையிலும் பட்டா இன்னொருவர் பெயரிலும் இருந்தால் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது ஒன்று உண்டு: நிலம் யாருடையது என்று தீர்ப்பு சொல்லும் அதிகாரம் தாசில்தாருக்குக் கிடையாது. பட்டா என்பது வருவாய்த்துறைப் பதிவு. அது உரிமையைத் தராது, இருக்கிற உரிமையைப் பறிக்கவும் செய்யாது.

1983-ஆம் ஆண்டு தமிழ்நாடு பட்டா பாஸ் புக் சட்டத்தின் விதிகளில் 4(4) இதைத் தெளிவாகவே சொல்கிறது. உரிமை குறித்து வழக்கு நிலுவையில் இருந்தாலோ, வாரிசுரிமைச் சிக்கல் எழுந்து எல்லாத் தரப்பும் எழுத்தில் ஒத்துக்கொள்ளாவிட்டாலோ, தாசில்தார் பதிவை மாற்றாமல் சிவில் கோர்ட்டுக்கு அனுப்ப வேண்டும். 2011-இல் சென்னை உயர் நீதிமன்ற டிவிஷன் பெஞ்சும் (இரு நீதிபதிகள் அமர்வும்) இதை உறுதி செய்தது. ஆகவே ‘கோர்ட்டுக்குப் போங்கள்’ என்று தாசில்தார் எழுதினால் அதை அலட்சியம் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. எதிர்தரப்பின் ஆட்சேபம் இருந்தும் விசாரித்து ‘நிலம் இவருடையதே’ என்று எழுதினால்தான் கவலைப்பட வேண்டும். அந்த உத்தரவை எதிர்த்து ஆர்.டி.ஓ.விடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) மேல்முறையீடும், அதன் பிறகு டி.ஆர்.ஓ.விடம் (மாவட்ட வருவாய் அலுவலர்) சீராய்வும் செய்யலாம்.

ஆட்சேபமே இல்லாத பெயர்ப் பிழை, கம்ப்யூட்டரில் ஏற்றும்போது நேர்ந்த எழுத்துப் பிழை, வாரிசுகள் ஒத்துப்போகிற பெயர் மாற்றம் எல்லாம் தாலுகாவிலேயே முடிகிற வேலை. இதற்கு வழக்குப் போடுவது வீண்செலவு.

யு.டி.ஆர். (நில உடைமைப் பதிவுகளைப் புதுப்பித்த அரசுத் திட்டம்) பிழையை மட்டும் தனியாகப் பார்க்க வேண்டும். 1979 முதல் 1987 வரை நடந்த அந்த மறுபதிவில் பெயர் விட்டுப்போனது, பக்கத்து நிலத்துக்காரர் பெயர் ஏறியது, பரப்பு குறைந்தது, பட்டா நிலம் புறம்போக்கானது என்று எல்லா வகைப் பிழையும் உண்டு. இதைத் திருத்தச் சொல்லி டி.ஆர்.ஓ.விடம் மனு கொடுக்கும்போது கிரயப் பத்திரத்தை மட்டும் நம்பிப் போகாதீர்கள். யு.டி.ஆருக்கு முந்தைய செட்டில்மெண்ட் ‘அ’ பதிவேடு (சர்வே எண் வாரியாக நில விவரம் உள்ள கிராமப் பதிவேடு), யு.டி.ஆர். ‘அ’ பதிவேடு, பழைய சர்வே எண்ணும் புதிய எண்ணும் ஒத்துப்போவதைக் காட்டும் பதிவு, புலப்படம் (நிலத்தின் அளவு வரைபடம்) ஆகிய நான்கின் சான்றிட்ட நகல்களையும் பக்கத்தில் பக்கம் வைத்தால்தான் பிழை எந்த இடத்தில் புகுந்தது என்பது தெரியும். பரப்பை ஒப்பிடும்போதும் கவனம் வேண்டும். பழைய பத்திரத்தில் காணி, குழி என்று இருக்கும். ‘அ’ பதிவேட்டில் ஹெக்டேர், ஆர் (100 சதுர மீட்டர்) என்று இருக்கும். 576 சதுரடிக் குழியாகக் கணக்கிட்டால் 100 குழி ஒரு காணி. அது சுமார் 1.32 ஏக்கர், அதாவது 53.5 ஆர். ஒரே நிலத்தை இரண்டு அளவில் எழுதியதை ‘நிலம் குறைந்துவிட்டது’ என்று நினைத்துச் சண்டை போடுகிறவர்கள் இருக்கிறார்கள்.

கோர்ட்டுக்குப் போவது என்று ஆனால், என்ன கேட்டு வழக்குப் போடுகிறோம் என்பதில்தான் பலரும் கோட்டை விடுகிறார்கள். பாஸ் புக் சட்டத்தின் 14-ஆவது பிரிவு, பட்டாப் பதிவை மாற்றச் சொல்லும் வழக்கைத் தடுக்கிறது. ஆனால் உரிமை விளம்பல் (‘நிலம் இவருடையது’ என்று கோர்ட் அறிவிப்பது) கேட்க அதே பிரிவு இடம் தருகிறது. அந்தத் தீர்ப்புப்படி பதிவைத் திருத்தவும் சொல்கிறது. எனவே கேட்க வேண்டியது விளம்பலும், அதோடு நிரந்தர உறுத்துக்கட்டளையும் (எதிர்தரப்பு தலையிடக் கூடாது என்ற தடை உத்தரவு). அனுபவம் கையை விட்டுப் போயிருந்தால் சுவாதீனமும் (நிலத்தைத் திரும்ப ஒப்படைப்பது) சேர்த்துக் கேட்க வேண்டும். கேட்கக்கூடிய பரிகாரத்தை விட்டுவிட்டால் விளம்பலே கிடைக்காது. ஃபீஸ் குறையுமே என்று வெறும் உறுத்துக்கட்டளை மட்டும் கேட்டால், எதிர்தரப்பு தன் பெயரில் உள்ள பட்டாவைக் காட்டி உரிமையையே கேள்வியாக்கும்போது வழக்கு அங்கேயே நொண்டும்.

விளம்பலும் உறுத்துக்கட்டளையும் சேர்ந்த வழக்குக்குச் சந்தை மதிப்பில் பாதியை வைத்து 3 சதவீதம் கோர்ட் ஃபீஸ். 20 லட்ச ரூபாய் நிலத்துக்கு 30,000 ரூபாய் வரும். அரசையும் தாசில்தாரையும் சேர்ப்பதாக இருந்தால் சிவில் நடைமுறைச் சட்டம் 80-ஆவது பிரிவின்படி இரண்டு மாத நோட்டீஸ் முன்கூட்டியே போயிருக்க வேண்டும். விளம்பல் கேட்கக் காலவரம்பு 3 ஆண்டு, அதுவும் வழக்குரிமை முதன்முதலாக எழுந்த நாளிலிருந்து. ஆபீஸ் ஆபீஸாக மனு கொடுத்துக்கொண்டிருந்த நாட்களை யாரும் கழித்துத் தரமாட்டார்கள் என்றே கணக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

வழக்குத் தாக்கலான கையோடு பிராதின் (வழக்கு மனுவின்) நகலைத் தாசில்தாரிடம் கொடுத்து ஒப்புகை வாங்கிவிடுங்கள். வழக்கு நிலுவையில் இருக்கும்போது அவர் பதிவை மாற்றக் கூடாது என்ற விதி 4(4) உங்களுக்குக் கைகொடுப்பது இங்கேதான்.

தீர்ப்பு வந்த பிறகும் தாலுகா ஆபீஸில் மனு திரும்பி வருவதற்குக் காரணம் பெரும்பாலும் தீர்ப்பாணையில் (தீர்ப்பின்படி கோர்ட் தரும் ஆணை) உள்ள சொத்து விவரப் பட்டியல். அதில் பழைய சர்வே எண் மட்டும் இருக்கும், உட்பிரிவு இருக்காது. அல்லது நான்கு எல்லையும் பழைய ஆட்களின் பெயரில் இருக்கும். சர்வேயருக்கு எங்கே கோடு கிழிப்பது என்று புரியாது. வழக்கு நடக்கும்போதே அட்வகேட் கமிஷனர் (நிலத்தை நேரில் பார்த்து அறிக்கை தர கோர்ட் நியமிக்கும் வக்கீல்) போடச் சொல்லி, சர்வேயரோடு அளந்து, அந்த வரைபடத்தைத் தீர்ப்பாணையோடு இணைக்கக் கேளுங்கள். பாகப்பிரிவினை வழக்கில் முதனிலைத் தீர்ப்பாணையை எடுத்துக்கொண்டு தனிப்பட்டா கேட்காதீர்கள். அது யாருக்கு எத்தனை பங்கு என்று மட்டுமே சொல்லும். எந்தத் துண்டு யாருக்கு என்பது இறுதித் தீர்ப்பாணையில்தான் வரும். அதை முத்திரைத்தாளில் எழுதி வாங்க வேண்டும்.

இன்னொன்று, ‘எதிர்தரப்பு அப்பீல் போட்டிருக்கிறார்கள்’ என்று சொல்லி மனுவை ஓரமாக வைப்பார்கள். அப்பீல் போட்டதாலேயே தீர்ப்பாணை நிற்காது, கோர்ட் தனியாகத் தடை கொடுத்திருக்க வேண்டும். தடை உத்தரவின் நகல் கோப்பில் இருக்கிறதா என்று எழுத்தில் கேளுங்கள், பதிலையும் எழுத்திலேயே வாங்குங்கள்.