‘டங்’ ஒருபுறம், ‘டுட்’ மறுபுறம்

இந்தோனேசிய வெகுமக்கள் இசை என்றதும் எனக்கு முதலில் நினைவுக்கு வருபவர் டங்டுட் என்னும் இசைவகையின் மேடை முரசுக்காரர்தான். இரட்டை முரசில் ஒன்றை விரலால் தட்டினால் ‘டங்’; மற்றதன் தோலை உள்ளங்கையின் அடியால் அழுத்தித் தள்ளினால் ‘டுட்’. பெயரே அந்த ஒலியிலிருந்து பிறந்ததுதான். மலாய் இசைக்குழுக்களோடு இந்தித் திரைப்பாடல்களின் சாயலும் கலந்து உருவான இந்த இசையில், 1970களில் ரோமா இராமா மின்கிதாரைச் சேர்த்து, இஸ்லாமிய அறவுரையையும் ஏழைகளின் குறைகளையும் பாடினார். அதிபர் சுகார்த்தோ காலத்து அரசுத் தொலைக்காட்சி அவரைப் பல ஆண்டுகள் ஒதுக்கியே வைத்திருந்தது.

அப்படி ஒதுக்கப்பட்டவரே, கிழக்கு ஜாவாவின் பாசுருவானிலிருந்து திருட்டு விசிடிகள் வழியாக நாடெங்கும் புகழ்பெற்ற டங்டுட் பாடகி இனுல் தாரதிஸ்தாவின் இடுப்பசைவை 2003இல் வெளிப்படையாகக் கண்டித்தார் என்பதை வேடிக்கை என்று மட்டும் சொல்லிக் கடந்துவிட எனக்கு மனமில்லை. அச்சர்ச்சை கிளறிய ஒழுக்க விவாதம் ஓயாத சூழலில், 2008இல் ஆபாசத் தடைச் சட்டமும் நிறைவேறியது.

பத்தாண்டுகளில் காட்சி மாறி, 2018 ஆசிய விளையாட்டுப் போட்டியின் அதிகாரப்பூர்வப் பாடலைப் பாடியவர் டங்டுட் பாடகி வியா வாலன். ஆனால் கிராமத்துத் திருமணப் பந்தல்களில் பல இடங்களில் முழுக் குழுவின் இடத்தை ஒற்றைக் கீபோர்டு பிடித்துக்கொண்டது. விருந்தினர்கள் மேடையேறி ரூபியா நோட்டுகளை ஒவ்வொன்றாகப் பாடகியிடம் நீட்டும் வழக்கம் தொடர்கிறது, முரசுக்காரரின் நாற்காலிதான் காலியாக இருக்கிறது.