சிபில்லே பையர் கேட்டுக்கிட்டு இருக்கேன்

மார்ச் 3

ராத்திரி ஜெர்மன் டைரக்டர் விம் வெண்டர்ஸோட 'ஆலிஸ் இன் த சிட்டீஸ்' மறுபடி பாத்தேன். 1974ல வந்த படம், 16 எம்எம், கருப்பு வெள்ளை. ஆலிஸ்ங்கிற பொடிப்பொண்ணும் ஹீரோவும் அவளோட பாட்டி வீட்டைத் தேடி ஜெர்மனியில ஊர் ஊரா அலைவாங்க இல்ல, அதுல ஒரு படகு சீன், ஒரு பொண்ணு பாடிக்கிட்டு வரும். கதைக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது, கொஞ்ச நேரம்தான். அவங்கதான் ஜெர்மன் பாடகி சிபில்லே பையர். சினிமால அவங்க முகத்த நான் பாத்தது அந்த ஒரு இடத்துலதான்.

மார்ச் 4

காலையில இருந்து அவங்களோட 'கலர் க்ரீன்' ஆல்பம்தான் ஓடுது. மொத்தம் 14 பாட்டு. 1970ல இருந்து 73க்குள்ள ஜெர்மனியில வீட்டுல ஒரு ஸ்பூல் டேப் மெஷின் வச்சு அவங்களே பதிவு பண்ணது. மனசு ரொம்ப சோர்ந்துபோய் கெடந்தப்ப ஒரு தோழி இழுத்துக்கிட்டுப் போய் ஆல்ப்ஸ் மலை தாண்டி இத்தாலியில ஜெனோவா வரைக்கும் கார்ல சுத்திட்டு வந்திருக்காங்க, திரும்பி வந்து எழுதினதுதான் அவங்க எழுதின மொதப் பாட்டு. அப்புறம் குடும்பம், பிள்ளைங்க, அமெரிக்காவுக்கே குடிபோயிட்டாங்க. டேப் அப்படியே கெடந்துச்சு. முப்பது வருஷம்! அவங்க பையன் ராபி சொந்தக் குடும்பத்துக்குள்ள குடுக்கலாம்னு அதையெல்லாம் சிடில போட, அதுல ஒண்ணு டைனோசர் ஜூனியர்ங்கிற அமெரிக்க ராக் பேண்டோட ஜே மாஸ்கிஸ் கைக்குப் போய், அவர் ஆரஞ்ச் ட்வின்ங்கிற சின்ன லேபிள்ட்ட குடுத்து, 2006ல வெளிய வந்துச்சு.

மார்ச் 5

ஹெட்போன்ல கேளுங்க, ஸ்பீக்கர் வேணாம். ஒரு கிதார், ஒரு குரல், பக்கத்து ரூம்ல யாரோ தூங்குறாப்ல அவ்ளோ மெதுவாப் பாடுறாங்க. கம்பியில விரல் நகர்றதுகூட கேக்குது. கடைசிப் பாட்டுல மட்டும் வயலின் எல்லாம் வந்து சேருது, எனக்கு அது தேவைன்னு தோணல.

மார்ச் 8

ஒரு ஃப்ரெண்டுக்கு அனுப்பினேன், "ஐயோ பாவம், எங்கயோ போயிருக்க வேண்டியவங்க"ன்னு பதில் வந்துச்சு. எனக்கு சுருக்குன்னுச்சு. எதுக்கு பாவம்? யாரும் கதவச் சாத்தி வெளிய தள்ளல, அவங்களா வீட்டு வாழ்க்கையத் தேர்ந்தெடுத்தாங்க. ஆல்பம் வந்து உலகம் பூரா ஜனங்க தேடித்தேடிக் கேட்டப்பவும் ஊர் ஊரா மேடை ஏறிப் பாடக் கிளம்பல. இத்தனைக்கும் பாட்டுல ஒரு எடத்துலகூட அரைகுறை கிடையாது, ஒவ்வொரு வரியும் உக்காந்து செதுக்குனது. பேர் வாங்கினாத்தான் கலைஞர்னு நாம ஏன் முடிவு பண்ணி வச்சிருக்கோம்னு தெரியல, எனக்கு இந்த 14 பாட்டு ஒரு முழு வாழ்க்கையோட வேலைதான்.

2008ல வெண்டர்ஸ் 'பலெர்மோ ஷூட்டிங்' எடுத்தப்ப அதுல அவங்க பாட்டு ஒண்ணு சேர்த்திருக்கார். அந்தப் படத்த நான் இன்னும் பாக்கல, யார்கிட்டயாச்சும் நல்ல பிரிண்ட் இருந்தா சொல்லுங்க.