சிரிக்கவைத்த கைதி

நான் ஐந்தடி இரண்டு அங்குலம். எங்கள் அமெச்சூர் நாடகக் குழுவின் இயக்குநர், காட்சி தொய்வாக இருக்கிறது என்று தோன்றினால் என்னைப் பீரோவுக்குள் அடைத்துவிடுவார். கதாநாயகன் கதவைத் திறப்பான், நான் உருண்டு விழுவேன், சபா அதிரும். குள்ளமான நகைச்சுவை நடிகனுக்கு வசனத்தைவிட ஒளிந்துகொள்ளும் இடம்தான் முக்கியம்.

அதனால்தானோ என்னவோ, ‘ஹோகன்ஸ் ஹீரோஸ்’ என்ற பழைய அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரை இணையத்தில் பார்க்கத் தொடங்கியதும் என் கண் கதாநாயகனிடம் போகவில்லை. கார்ப்பொரல் லெபோ என்ற சிறிய பிரெஞ்சுக்காரரிடம் போனது. தலையில் தட்டைத் தொப்பி, கழுத்தில் ஒரு சால்வைத் துணி. சமையலில் மன்னர். காவல் நாய்களின் கூண்டுக்கு அடியிலிருந்து சுரங்கம் வழியாக ஏறி இறங்குவார். அந்த வேடத்தில் நடித்தவர் ராபர்ட் கிளாரி. உயரம் ஐந்தடி ஒன்று. என்னைவிட ஓர் அங்குலம் குறைவு.

கதை நடப்பது இரண்டாம் உலகப் போரின்போது, ஜெர்மானியர்களின் போர்க்கைதி முகாமில். கைதிகள் கெட்டிக்காரர்கள், காவலர்கள் முட்டாள்கள். 1965 முதல் 1971 வரை 168 பகுதிகள் ஓடியது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் மனைவி இரண்டாவது பகுதியிலேயே கேட்டுவிட்டாள்: “இதை வைத்தெல்லாம் சிரிக்கலாமா?” நான் பதில் சொல்லவில்லை. அன்று இரவு கிளாரி யார் என்று தேடிப் படிக்க உட்கார்ந்தேன்.

1926 மார்ச் 1 அன்று பாரிஸில் பிறந்தவர். இயற்பெயர் ராபர்ட் மாக்ஸ் விடர்மன். போலந்திலிருந்து வந்து குடியேறிய யூதக் குடும்பம். 14 பிள்ளைகளில் கடைக்குட்டி. 12 வயதிலேயே வானொலியில் பாடினார். 1942 செப்டம்பரில், 16 வயதில், பெற்றோருடன் கைது செய்யப்பட்டு ரயில் ஏற்றப்பட்டார். பிரிக்கப்படும்போது தாய் அவரிடம் சொன்னது ஒன்றுதான்: ஒழுங்காக இரு, அவர்கள் சொல்வதைச் செய். தன் சேட்டையை அம்மா அறிந்திருந்தாள் என்று பிற்காலத்தில் ஒரு பேட்டியில் சொன்னார். சாகப் போகிற தாய் பிள்ளையைக் கண்டித்துவிட்டுப் போயிருக்கிறாள். இதற்கு மேல் எந்த நாடகாசிரியனும் எழுதிவிட முடியாது.

பெற்றோர் நாஜிகளின் ஆஷ்விட்ஸ் கொலைமுகாமில் கொல்லப்பட்டார்கள். வேலைக்கு உதவுவான் என்று பிரித்தெடுக்கப்பட்ட பையன், ஓட்முத் என்ற முகாமில் மரக்காலணி செய்தான். பிறகு பிளெக்ஹாமர் முகாம். 1944இல் அது ஆஷ்விட்ஸின் கிளை முகாமாக்கப்பட்டது. இடது முன்கையில் ஏ-5714 என்ற எண் பச்சை குத்தப்பட்டது. 1945 ஜனவரியில் சோவியத் செம்படை நெருங்கிவர, கைதிகளைப் பனியில் நடத்தியே மேற்கு நோக்கி விரட்டினார்கள். நடக்க முடியாதவர்களைச் சுட்டார்கள். கிரோஸ்-ரோசன் முகாம் வழியாகப் புக்கன்வால்ட் வதைமுகாம். அங்கே, ஒருவர் அக்கார்டியன் வாசிக்க, ஞாயிற்றுக்கிழமைகளில் நாஜிகளின் எஸ்.எஸ். படையினர் முன் பாடினார். 1945 ஏப்ரல் 11 அன்று அமெரிக்கப் படை முகாமை விடுவித்தது. குடும்பத்தில் கொண்டுபோகப்பட்டவர்களில் 12 பேர் இறந்தார்கள்; உயிரோடு திரும்பியவர் இவர் ஒருவர். பிடிபடாமல் தப்பிய சில உடன்பிறந்தவர்களைப் பாரிஸில் மீண்டும் பார்த்தார்.

பாட்டும் கேளிக்கையும்தான் என்னை உயிரோடு வைத்திருந்தன என்று கிளாரி சொல்லியிருக்கிறார். இதைப் பிடித்துக்கொண்டு ‘கலை அவரைக் காப்பாற்றியது’ என்று எழுதுகிறவர்கள் ஏராளம். எனக்கு அந்த வாக்கியம் ஒப்பவில்லை. கலை காப்பாற்றும் என்றால் குர்ட் கெரோன் எங்கே? பெர்லினில் பெரிய நட்சத்திரம். 1928இல் ‘திரிபென்னி ஓபரா’ என்ற இசை நாடகம் அரங்கேறியபோது மேடையில் நின்றவர், புகழ்பெற்ற நடிகை மார்லின் டீட்ரிச்சோடு திரையில் நடித்தவர். அவரைத் தெரெசியன்ஸ்டாட் முகாமில் அடைத்து, அந்த முகாம் சொர்க்கம் என்று உலகை நம்பவைக்கும் பிரச்சாரப் படம் ஒன்றை அவரையே இயக்கவைத்தார்கள். படப்பிடிப்பு முடிந்த சில வாரங்களில், 1944 அக்டோபரில், ஆஷ்விட்ஸுக்கு அனுப்பிக் கொன்றுவிட்டார்கள். திறமையில் கிளாரியைவிட அவர் குறைந்தவரா? கிளாரியே வேறோர் இடத்தில் இன்னும் நேர்மையாகப் பேசியிருக்கிறார்: அப்போது தான் முதிர்ச்சியில்லாத சிறுவன், என்ன நடக்கிறது என்பது முழுதாக உறைக்கவில்லை, உறைத்திருந்தால் பிழைத்திருப்பேனா தெரியாது என்றார். அந்த விளக்கத்தை நான் நம்புகிறேன்.

போருக்குப் பிறகு பாரிஸின் நடன அரங்குகளில் பாடினார். அவருடைய இசைத்தட்டு அமெரிக்காவில் விற்கத் தொடங்கியது. 1949இல் கடல் கடந்தார். எடி காண்டர் என்ற பெரிய நகைச்சுவை நடிகர் அவரைத் தூக்கிவிட்டார். காண்டரின் மகள் நட்டாலியைத்தான் கிளாரி 1965இல் மணந்தார். இடையில் ‘நியூ ஃபேசஸ் ஆஃப் 1952’ என்ற பிராட்வே மேடை நிகழ்ச்சி பெயர் வாங்கித் தந்தது. திருமணம் நடந்த அதே ஆண்டில் லெபோ வேடமும் வந்தது.

மனைவியின் கேள்விக்கு வருகிறேன். அதே கேள்வியைக் கிளாரியிடமும் ஆயிரம் பேர் கேட்டிருக்கிறார்கள். அவர் சொன்ன பதில்: தொடரில் காட்டுவது போர்க்கைதி முகாம், வதைமுகாம் அல்ல, இரண்டுக்கும் நடுவே ஓர் உலகமே இருக்கிறது. முதலில் எனக்கு இது வக்கீல் வாதமாகத்தான் பட்டது. பிறகு யோசித்துப் பார்த்தேன். போர்க்கைதிக்கு ஜெனிவா உடன்படிக்கை உண்டு, செஞ்சிலுவைச் சங்கப் பொட்டலம் உண்டு. (ரஷ்யக் கைதிகளுக்கு ஜெர்மானியர்கள் அதையும் மறுத்துப் பட்டினி போட்டார்கள் என்பது வேறு விஷயம்.) வதைமுகாம் கைதிக்குக் கையில் ஓர் எண் மட்டும். இரண்டையும் ஒன்றாகக் குழப்புகிறவர்கள்மீது, அந்த எண்ணைச் சுமந்தவருக்குக் கோபம் வந்ததில் நியாயம் இருக்கிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்தத் தொடரில் ஜெர்மன் அதிகாரிகளாக வந்த முக்கிய நடிகர்கள் எல்லோருமே யூதர்கள். முகாம் தலைவர் கிளிங்க் வேடத்தில் வெர்னர் கிளெம்பரர். புகழ்பெற்ற இசை நடத்துநர் ஓட்டோ கிளெம்பரரின் மகன், ஹிட்லர் வந்ததும் குடும்பத்தோடு நாட்டைவிட்டு வெளியேறியவர். கிளிங்க் ஒருமுறைகூட ஜெயிக்கக் கூடாது, அப்படியென்றால்தான் நடிப்பேன் என்று நிபந்தனை போட்டார். அந்த முட்டாள் வேடத்துக்கு அமெரிக்கத் தொலைக்காட்சியின் எம்மி விருது இரண்டு முறை கிடைத்தது. குண்டு சார்ஜென்ட் ஷூல்ட்ஸாக ஜான் பானர். 1938இல் ஆஸ்திரியா ஹிட்லர் கைக்குப் போனபோது சுவிட்சர்லாந்தில் நாடகக் குழுவோடு இருந்ததால் தப்பியவர். தளபதி புர்க்ஹால்டராக லியோன் ஆஸ்கின்; வியன்னாக்காரர், பெற்றோரை யூத இனப்படுகொலைக்குப் பறிகொடுத்தவர். அந்தச் சீருடைகளை இவர்கள் அணிந்துகொண்டு தடுமாறி விழுவதைப் பார்க்கும்போது எனக்குச் சிரிப்பு வருகிறது. கூடவே வேறொன்றும் வருகிறது.

முகாம் அனுபவத்தைப் பற்றிக் கிளாரி பல ஆண்டுகள் வெளியே பேசவே இல்லை. தொடர் முடிந்த பிறகு ‘டேஸ் ஆஃப் அவர் லைவ்ஸ்’ போன்ற நெடுந்தொடர்களில் நடித்துக்கொண்டிருந்தார். இனப்படுகொலையே நடக்கவில்லை என்று வாதிடும் கூட்டம் வளர்வதைக் கண்டபின், 1980 வாக்கில்தான் வாயைத் திறந்தார். யூத இனப்படுகொலையின் நினைவைக் காக்கும் சைமன் வீசந்தால் மையத்தின் வழியாகப் பள்ளி பள்ளியாகப் போய் மாணவர்களிடம் பேசினார். 2001இல் தன் வரலாற்றைப் புத்தகமாக எழுதினார். 2022 நவம்பர் 16 அன்று, 96 வயதில் இறந்தபோது, அந்தத் தொடரில் தொடக்கத்திலிருந்தே நடித்த முக்கிய நடிகர்களில் மிஞ்சியிருந்த கடைசி ஆள் அவர்தான்.

நேரம் இருந்தால் தொடரை அப்புறம் பாருங்கள். முதலில் அவர் பாடிய பழைய ஜாஸ் இசைத்தட்டுகளைத் தேடிக் கேளுங்கள். அவ்வளவு சிறிய உடம்பிலிருந்து அப்படி ஒரு குரல்.