930லிருந்து 98.1க்கு: வேராகுரூஸ் வானொலி ஒன்றின் இடமாற்றம்

மெக்சிகோவில் எல்லா வானொலி நிலையங்களும் காலை 6 மணிக்கும் நள்ளிரவு 12 மணிக்கும் தேசிய கீதத்தை ஒலிபரப்ப வேண்டும் என்பது சட்டம். கீதத்தையொட்டிப் பல நிலையங்களில் அறிவிப்பாளரின் பதிவுசெய்த குரல் ஒன்று நிலையத்தின் அடையாளப் பெயரான அழைப்பெழுத்துகளையும், அலைவரிசையையும், எத்தனை வாட் திறனில் ஒலிபரப்புகிறது என்பதையும், எந்த ஊரிலிருந்து பேசுகிறது என்பதையும் அவசரமே இல்லாமல் சொல்லி முடிக்கும். வானொலி ஆர்வலர்கள் சேமித்து இணையத்தில் ஏற்றி வைத்திருக்கும் இத்தகைய பழைய அறிவிப்புகளைக் கேட்பது எனக்குப் பல ஆண்டுகளாக உள்ள பழக்கம். பாட்டும் செய்தியும் இல்லாத இந்த அரை நிமிடத்தில் என்ன சுவை இருக்கிறது என்று கேட்டால் சட்டென்று பதில் சொல்ல வராது. ஆனால், ஒரே நிலையத்தின் பத்தாண்டு இடைவெளியுள்ள இரண்டு அறிவிப்புகளை அடுத்தடுத்துக் கேட்டால், ஊர் அதே ஊராக இருக்க, எண் மட்டும் மாறியிருப்பது காதில் விழும். அந்த எண் ஏன் மாறியது, மாறியபோது யார் உள்ளே வந்தார்கள், யார் வெளியே போனார்கள் என்று தேடத் தொடங்கினால் ஒரு நாட்டின் வானொலி வரலாறே விரியும்.

நான் எடுத்துக்கொண்டது மெக்சிகோ வளைகுடாக் கரையில் உள்ள வேராகுரூஸ் துறைமுக நகரின் எக்ஸ்.இ.யூ. நிலையம். மெக்சிக வானொலியின் முதல் தலைமுறையைச் சேர்ந்தது என்பதை அதன் பெயரே காட்டிவிடுகிறது. மூன்றே எழுத்துகள் கொண்ட அழைப்புக்குறி பெரும்பாலும் மூத்தவர்களுக்கு வாய்த்தது. ‘எல் எகோ தே சோதாவென்தோ’, அதாவது ‘சோதாவென்தோவின் எதிரொலி’ என்பது அதன் பழைய விருதுப் பெயர். சோதாவென்தோ என்றால் காற்று மறைவான பக்கம் என்று பொருள். வேராகுரூஸ் மாநிலத்தின் தென்புறக் கடற்கரைச் சமவெளிக்கு மாலுமிகளின் மொழியிலிருந்து வந்த பெயர் அது. அந்தச் சமவெளி முழுவதும் தன் குரல் கேட்கும் என்ற பெருமிதம் அந்தப் பெயரில் இருக்கிறது. நிலையம் நெடுங்காலம் இருந்தது மத்திய அலையில், 930 கிலோஹெர்ட்ஸில். இன்று அதே நிலையம் பண்பலையில் 98.1 மெகாஹெர்ட்ஸில் எக்ஸ்.எச்.யூ. என்ற பெயரோடு இருக்கிறது. எண்ணோடு ஓர் எழுத்தும் மாறிவிட்டது.

முதலில் அந்த எழுத்துகளைப் பற்றி. 1920களில் மெக்சிக நிலையங்கள் ‘சி’ என்ற எழுத்தில் தொடங்கும் பெயர்களைப் பெற்றிருந்தன. தலைநகரில் சிகரெட் நிறுவனம் ஒன்று 1923ல் தொடங்கிய நிலையம் சி.ஒய்.பி. என்றுதான் அறியப்பட்டது. 1927ல் வாஷிங்டனில் கூடிய பன்னாட்டு மாநாட்டின் பங்கீட்டுப்படி மெக்சிகோவுக்கு ‘எக்ஸ்’ என்ற எழுத்து கிடைத்தது. 1929லிருந்து நிலையங்கள் எக்ஸ்.இ. என்று தொடங்கின, சி.ஒய்.பி.யும் எக்ஸ்.இ.பி. ஆயிற்று. பின்னாளில் பண்பலைக்கும் தொலைக்காட்சிக்கும் எக்ஸ்.எச். என்ற தொடக்கம் வழக்கமாயிற்று. ஆகவே ஒரு மெக்சிக நிலையத்தின் பெயரில் இரண்டாவது எழுத்தைப் பார்த்தாலே அது எந்த அலையில் பிறந்தது, அல்லது எந்த அலைக்குக் குடிபெயர்ந்தது என்பதை ஏறக்குறைய ஊகித்துவிடலாம். சில நிலையங்கள் பண்பலைக்குப் போன பிறகும் பழைய ‘இ’யை விடாமல் வைத்துக்கொண்டதால் ‘ஏறக்குறைய’ என்கிறேன்.

எண்களின் கதை இதைவிடக் கசப்பானது. 1924ல் அமெரிக்காவும் கனடாவும் மத்திய அலையின் அலைவரிசைகளைத் தங்களுக்குள் பங்கிட்டுக்கொண்டபோது மெக்சிகோவுக்கென்று எதையும் ஒதுக்கவில்லை. வானலைக்கு எல்லைக்கோடு இல்லை என்பதால், பக்கத்து வீட்டுக்காரர்கள் இருவர் தெருவை அளந்து பிரித்துக்கொள்ள, மூன்றாம் வீட்டுக்காரருக்கு வாசலே இல்லாமல் போன நிலைமை இது. மெக்சிகோ இதற்குப் பதில் சொன்ன விதம் சுவையானது. வடக்கு எல்லையில், அமெரிக்கச் சட்டம் அனுமதிக்காத திறனில் நிலையங்கள் எழும்ப அது இடம் கொடுத்தது. ஆட்டின் விதைச் சுரப்பியை மனிதருக்குப் பொருத்தி ஆண்மையை மீட்பதாக விளம்பரம் செய்து, கான்சஸில் தன் வானொலி உரிமத்தை இழந்த ஜான் பிரிங்க்லி என்பவர், ரியோ பிராவோ ஆற்றின் தென்கரையில் உள்ள வில்லா அகூன்யாவில் எக்ஸ்.இ.ஆர். என்ற நிலையத்தைத் தொடங்கினார். அதன் அலைவரிசை 735. பத்துப் பத்தாக அமைந்த வரிசையில் 730க்கும் 740க்கும் நடுவில் ஒருவர் வேண்டுமென்றே போய் உட்கார்ந்தால் இருபுறமும் என்ன ஆகும் என்பதை விளக்கவேண்டியதில்லை. அந்த நிலையம் மூடப்பட்டு, 1935ல் எக்ஸ்.இ.ஆர்.ஏ. என்ற பெயரில் 840ல் மீண்டும் எழுந்து, பின்னர் 5,00,000 வாட் திறனை எட்டியது. பிரிங்க்லியின் மருத்துவத்தைப் பற்றி எனக்கு எந்த மரியாதையும் கிடையாது. ஆனாலும், அவர் எழுப்பிய கூச்சல்தான் வட அமெரிக்க நாடுகளை மீண்டும் மேசைக்கு இழுத்து வந்த காரணங்களுள் ஒன்று என்பதை மறுக்க முடியாது.

1937 இறுதியில் ஹவானாவில் கையெழுத்தான வட அமெரிக்கப் பிராந்திய ஒலிபரப்பு உடன்படிக்கை 1941 மார்ச் 29 அன்று நடைமுறைக்கு வந்தது. அன்று அமெரிக்காவில் மட்டும் 700க்கும் மேற்பட்ட நிலையங்கள் தங்கள் எண்ணை மாற்றிக்கொண்டன. ஒலிபரப்புக் கருவியின் அதிர்வைக் கட்டுப்படுத்தும் குவார்ட்ஸ் படிகத்தைப் புதிதாக அறுத்துப் பொருத்த வேண்டும்; ஏரியலை மறுபடி இசைவிக்க வேண்டும்; கேட்பவர்களோ முள்ளைச் சற்று நகர்த்தித் தேடிக்கொள்ள வேண்டும். மெக்சிகோவுக்கு இந்த உடன்படிக்கையால் 730, 800, 900, 1050, 1220, 1570 ஆகிய ஆறு முதன்மை அலைவரிசைகள் கிடைத்தன. எமிலியோ அஸ்காராகா விதாவுர்ரெதா 1930 செப்டம்பர் 18 அன்று தலைநகரில் தொடங்கி, ‘மெக்சிகோவிலிருந்து லத்தீன் அமெரிக்காவின் குரல்’ என்று தன்னை அழைத்துக்கொண்ட எக்ஸ்.இ.டபிள்யூ. 900ல் நிலைகொண்டது, முன்பு சொன்ன எக்ஸ்.இ.பி.க்கு 1220. எக்ஸ்.இ.ஆர்.ஏ.வை 1941ல் அரசு கைப்பற்றி முடிவுக்குக் கொண்டுவந்தது. 17 ஆண்டுகளுக்கு முன் தெருவில் வாசல் இல்லாதிருந்தவருக்கு ஆறு வாசல்கள் கிடைத்தன என்று சொல்லலாம். என் பார்வையில், மெக்சிக வானொலி வரலாற்றில் வேறெந்த நிகழ்ச்சியையும்விட வானொலிப் பெட்டியின் முகத்தை அதிகமாக மாற்றிய நாள் அதுதான்.

வேராகுரூஸுக்குத் திரும்புவோம். 930 கிலோஹெர்ட்ஸில் அலைநீளம் ஏறத்தாழ 322 மீட்டர். அந்த அலை தரையைத் தழுவிக்கொண்டு போகும். ஈர மண்ணில் நன்றாகப் போகும். உப்புநீரின் மேல் அதைவிட நன்றாகப் போகும். இதனால் கடலோர மத்திய அலை நிலையத்துக்கு, அதே திறன் கொண்ட மலைநகர நிலையத்துக்கு இல்லாத ஒரு கொடுப்பினை உண்டு: படகிலும் கப்பலிலும் இருப்பவர்கள் கரையில் இருப்பவர்களைப் போலவே அதைக் கேட்கலாம். இரவானால் வானின் மேலடுக்கில் பட்டுத் திரும்பும் அலைகள் இன்னும் நெடுந்தொலைவு சென்று, எங்கோ முள்ளைத் திருப்பிக்கொண்டிருக்கும் ஒருவரின் காதில் மங்கி மங்கி விழும். விருதுப் பெயரில் ‘எதிரொலி’ என்ற சொல்லை வைத்தவர் இதை நினைத்து வைத்தாரோ இல்லையோ, பௌதிகம் அவருக்குத் துணை நின்றது.

பிறகு பண்பலை வந்தது. இசையைத் துல்லியமாகத் தரும் அலை ஒன்று கிடைத்தபின் இளைஞர்கள் மத்திய அலையின் இரைச்சலுக்குத் திரும்பவில்லை. விளம்பரதாரர்களும் அவர்கள் பின்னால் போனார்கள். மின்விளக்குகளும் மின்னணுக் கருவிகளும் பெருகப் பெருக மத்திய அலையின் இரைச்சல் கூடிக்கொண்டே போனது. உள்ளூர் நிலையங்களின் உரிமையாளர்கள் பண்பலையில் இடம் கேட்டு நெடுநாள் நின்றார்கள். 2008 செப்டம்பர் 15 அன்று மெக்சிக அரசிதழில் வெளியான ஆணைதான் அவர்களுக்குக் கதவைத் திறந்தது. மத்திய அலை நிலையங்கள் உரிய கட்டணத்தைச் செலுத்திப் பண்பலைக்கு மாறலாம் என்றது அந்த ஆணை. வருங்கால எண்மிய (டிஜிட்டல்) வானொலிக்கு ஆயத்தமாவது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். எண்மிய வானொலி எதிர்பார்த்த வேகத்தில் வந்து சேரவில்லை, ஆனால் குடிபெயர்வு நடந்தது; நூற்றுக்கணக்கான நிலையங்கள் மாறின. எக்ஸ்.இ.யூ. அவற்றுள் ஒன்று. தலைநகர், குவாதலஹாரா, மோந்தெர்ரேய் போன்ற பெருநகரங்களில் பண்பலைப் பட்டை ஏற்கெனவே நிரம்பி வழிந்ததால் அங்கே இந்த வழி எளிதாகத் திறக்கவில்லை. ஒரே ஊரின் இரு நிலையங்களுக்கிடையே 800 கிலோஹெர்ட்ஸ் இடைவெளி வேண்டும் என்ற விதி பின்னர் 400 ஆகக் குறைக்கப்பட்ட பிறகே அடுத்த சுற்றுக்கு இடம் பிறந்தது.

அந்த ஆணையில் எனக்கு மிகவும் பிடித்தது, மாறும் நிலையம் ஓராண்டுக் காலம் பழைய அலையிலும் புதிய அலையிலும் ஒரே நிகழ்ச்சியைச் சேர்த்து ஒலிபரப்ப வேண்டும் என்ற நிபந்தனை. வீடு மாறுபவர் பழைய வீட்டு வாசலில் ஓராண்டு நின்று, தேடி வருபவர்களுக்கெல்லாம் புது முகவரியைச் சொல்வது போன்ற ஏற்பாடு இது. அந்த ஓராண்டில் ஒவ்வோர் அறிவிப்பிலும் இரண்டு எண்கள் வரும். முதலில் பழையது முன்னும் புதியது பின்னுமாக இருந்து, பிறகு வரிசை புரண்டு, கடைசியில் ஒன்று உதிர்ந்துபோகும். 1941ல் ஒரே இரவில் நடந்து முடிந்த மாற்றத்தோடு ஒப்பிட்டால் இது எவ்வளவோ கண்ணியமானது.

ஆனால், 1941ல் முள்ளை நகர்த்தியவர்களுக்குப் பழைய நிலையம் அப்படியே கிடைத்தது, 98.1க்கு முள்ளை நகர்த்தியவர்கள் எல்லாருக்கும் அப்படிக் கிடைக்கவில்லை. 98.1 மெகாஹெர்ட்ஸின் அலைநீளம் மூன்று மீட்டர்தான். அது தரையைத் தழுவாது. கண்ணுக்கெட்டும் தொலைவு வரை நேராகப் போகும், வழியில் மலை நின்றால் நின்றுவிடும், வானடுக்கில் பட்டுத் திரும்பி வரவும் வராது. வேராகுரூஸின் மேற்கே நிலம் எழும்பி, 5,600 மீட்டரைத் தாண்டும் ஒரிசாபா சிகரம் வரை ஏறிக்கொண்டே போகிறது. தெற்கே பாபலோவாபான் ஆற்றுச் சமவெளி நீண்டு கிடக்கிறது. மத்திய அலையில் மங்கலாகவாவது கிடைத்துக்கொண்டிருந்த தொலைவூர்க்காரருக்குப் பண்பலையில் கிடைப்பது வெறும் இரைச்சல். நகரத்துக்குள் இருப்பவருக்கோ முன்பு எப்போதும் இல்லாத தெளிவு. ‘உள்ளூர் வானொலி’ என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். என்னைக் கேட்டால், இந்த நிலையங்களில் பல உண்மையிலேயே உள்ளூர் வானொலி ஆனது பண்பலைக்கு மாறிய நாளில்தான். அதற்கு முன் அவை ஒரு வட்டாரத்தின் வானொலிகள். சோதாவென்தோ முழுவதற்கும் எதிரொலியாக இருந்தது, ஒரு துறைமுகத்தின் குரலாகச் சுருங்கித் தெளிந்தது. இதை இழப்பென்று சொல்லிவிட எனக்கு மனம் வரவில்லை. கேட்க ஆளில்லாமல் நூறு கிலோமீட்டர் போகும் அலையைவிட, கேட்கப்படும் முப்பது கிலோமீட்டர் மேல் என்ற உரிமையாளரின் கணக்கில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்தக் கணக்கில் படகில் இருப்பவர் சேர்க்கப்படவில்லை.

நிலத்தின் கதையையும் சேர்த்துச் சொல்லவேண்டும். மத்திய அலைக் கோபுரத்தின் அடியில் செப்புக் கம்பிகளை ஆரக்கால்கள் போல மண்ணுக்குள் பரப்ப வேண்டியிருப்பதால் ஒரு நிலையத்துக்குப் பெரிய வயல் அளவு நிலம் தேவைப்படும். பண்பலை ஏரியலுக்கு உயரம் இருந்தால் போதும், பரப்பு வேண்டாம். ஊருக்கு வெளியே இருந்த கோபுர நிலங்களை நகரம் வளர்ந்து சூழ்ந்துகொண்ட பிறகு, அலைவரிசை மாற்றம் சிலருக்கு மனை வணிகமாகவும் கைகொடுத்திருக்கும் என்பது என் ஊகம்.

எல்லா நிலையங்களுக்கும் மத்திய அலையை அணைத்துவிட்டுப் போகும் உரிமை கிடைக்கவில்லை. ஒரு நிலையத்தின் மத்திய அலை ஒலிபரப்பைத் தவிர வேறு வானொலியே எட்டாத கிராமங்கள் இருந்தால், அந்த நிலையம் பண்பலைக்கு வந்தபின்னும் பழைய ஒலிபரப்பைத் தொடர வேண்டும் என்று ஒழுங்குமுறை ஆணையம் கட்டாயப்படுத்தியது. இதனால் ஒரே நிகழ்ச்சி இரண்டு எண்களில் ஓராண்டைத் தாண்டியும் ஒலித்துக்கொண்டிருக்கும் ஊர்கள் உண்டு. உரிமையாளர்களுக்கு இது வேண்டாத மின்கட்டணம்.

2014ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டம் இன்னொரு வகை இடமாற்றத்துக்கு வழி செய்தது. பண்பலைப் பட்டையில் பத்தில் ஒரு பங்கு சமுதாய வானொலிகளுக்கும் பழங்குடி வானொலிகளுக்கும் என்று அது ஒதுக்கியது. பட்டையின் மேல்முனையான 106 முதல் 108 மெகாஹெர்ட்ஸ் வரை அந்தப் பங்கு. அங்கே ஏற்கெனவே குடியிருந்த வணிக நிலையங்கள் சிலவற்றுக்கு, உரிமம் புதுப்பிக்கும்போது வேறு எண்ணுக்கு நகர வேண்டும் என்ற நிபந்தனை விதிக்கப்பட்டது. பண்பலைக்கு வந்து மூச்சு விடுவதற்குள் மறுபடியும் அறிவிப்பைப் பதிவு செய்ய வேண்டிய நிலை. அவர்கள் எரிச்சலடைந்திருப்பார்கள், ஆனாலும் 1924ல் பங்கே கிடைக்காத ஒரு நாடு, தன் எல்லைக்குள் பங்கு கிடைக்காதவர்களுக்கென்று ஒரு மூலையை ஒதுக்கியதை நான் குறை சொல்ல மாட்டேன்.

மெக்சிகோ 1941ல் பெற்ற ஆறு எண்களில் ஒன்றான 800ல், எல்லை நகரமான சியுதாத் ஹுவாரெஸிலிருந்து ஒரு காலத்தில் 1,50,000 வாட் திறனில் வடக்கு நோக்கி ஒலிபரப்பினார்கள். அதே 800ல், கெர்ரேரோ மாநிலத்து மலைகளுக்கு நடுவே உள்ள த்லாபாவில், 1979லிருந்து ‘மலையின் குரல்’ என்ற அரசுப் பழங்குடி வானொலி நாவாட்ல், மிஷ்டெக், த்லபனெக் மொழிகளில் பேசி வருகிறது. பள்ளத்தாக்குகளுக்குள் இறங்கி ஏறிச் சிதறிக்கிடக்கும் அந்தக் கிராமங்களைத் தேடிப் போக, தரையைத் தழுவிச் செல்லும் மத்திய அலைதான் தோதாக இருந்தது.