வீகன் டாட்டூ: மையைத் தாண்டி என்னென்ன பார்க்க வேண்டும்

டாட்டூ ஸ்டுடியோவுக்குப் போகும் வீகன்கள், அதாவது பால், தேன் உட்பட விலங்குப் பொருள் எதையும் பயன்படுத்தாதவர்கள், முதலில் கேட்கிற கேள்வி, "இங்க் வீகனா?" பெரும்பாலும் 'ஆமாம்' என்றுதான் பதில் வரும், அது பொய்யாகவும் இருக்காது. எடர்னல், இன்டென்ஸ், வேர்ல்டு ஃபேமஸ் போன்ற நிறுவனங்கள் தங்கள் மை வீகன் என்றே அறிவிக்கின்றன. விலங்குப் பொருள் உள்ளே நுழைவது பெரும்பாலும் ரேசர், டிசைனைத் தோலில் பதிக்கும் ஸ்டென்சில், களிம்பு வழியாகத்தான்.

முதலில் மையை முடித்துவிடுவோம். கருப்பு என்றாலே எலும்புக்கரி என்று பயப்படுகிறார்கள். லேபிளில் சி.ஐ. (நிறமிக்கான குறியீட்டு எண்) 77266 என்று இருந்தால் அது கார்பன் பிளாக், பெட்ரோலிய எண்ணெயையோ வாயுவையோ அரைகுறையாக எரித்து எடுப்பது. 77267 என்றால் எலும்புக்கரி. இன்று டாட்டூ மைகளில் பரவலாக இருப்பது முதல் வகை. நிறமியைவிட அதைக் கலந்து வைக்கும் திரவத்தில்தான் ஐயம் அதிகம். அதில் உள்ள கிளிசரின் பாமாயிலிலிருந்தும் வரலாம், மாட்டுக் கொழுப்பிலிருந்தும் வரலாம். வெறும் 'கிளிசரின்' என்று போட்டிருந்தால் எதுவென்று தெரியாது. 'வெஜிடபிள் கிளிசரின்' என்று எழுதியிருக்க வேண்டும். ஷெல்லாக் இருந்தால் அது அரக்குப் பூச்சியின் சுரப்பு.

இன்னொன்று: பிரபல மைகளுக்கு நம் சந்தையில் போலிகள் உண்டு. போலி பாட்டிலில் ஒட்டிய வீகன் லேபிளுக்கு எந்த மதிப்பும் இல்லை. பேட்ச் எண், காலாவதித் தேதி இரண்டையும் பாருங்கள். உங்கள் கண்முன்னே பாட்டிலிலிருந்து மைக்குப்பியில் ஊற்றச் சொல்லுங்கள். பெயரில்லாத பாட்டிலில் மாற்றி வைத்திருக்கும் மை வேண்டவே வேண்டாம்.

இனி ரேசர். குத்தும் இடத்தில் முடியை மழிப்பார்கள். யூஸ் அண்ட் த்ரோ ரேசரின் தலையில் வழுவழுப்பாக ஒரு பட்டை இருக்குமே, அதில் லனோலின் இருக்கலாம். ஆட்டுக் கம்பளியில் ஊறும் மெழுகு அது. பட்டையில்லாத சாதா ரேசர் போதும். பிரிக்காத புதிய பாக்கெட்டை நீங்களே கொண்டுபோனால் யாரும் மறுக்க மாட்டார்கள்.

ஸ்டென்சில் தாளின் ஊதா மைப்பூச்சிலும் லனோலின் சேர்க்கும் தயாரிப்புகள் உண்டு. அதைத் தோலில் ஒட்டவைக்க சில கலைஞர்கள் டியோடரண்ட் ஸ்டிக்கைத் தேய்ப்பார்கள். அந்த ஸ்டிக்கைக் கட்டியாக்கும் ஸ்டியரேட் என்ற பொருள் விலங்குக் கொழுப்பிலிருந்து வந்ததாக இருக்கலாம். போதாததற்கு ஒரே ஸ்டிக்கைப் பலர் தோலில் தேய்ப்பது சுகாதாரக்கேடு. வீகன் என்று அறிவித்த ஸ்டென்சில் திரவத்தை மெல்லிசாகத் தடவி, தாளை ஒட்டி எடுத்தபின் 10 முதல் 15 நிமிடம் காயவிட வேண்டும். அவசரப்பட்டால் முதல் துடைப்பிலேயே கோடு கலைந்துவிடும். சின்ன டிசைன் என்றால் ஸ்டென்சிலே தேவையில்லை. சர்ஜிக்கல் மார்க்கரால் நேரடியாக வரையத் தெரிந்த கலைஞர் கிடைத்தால் இன்னும் நல்லது.

குத்தும்போது தடவும் வாசலின் பெட்ரோலியப் பொருள், விலங்கிலிருந்து வருவதில்லை. அதையும் விரும்பாதவர்களுக்கு ஷியா பட்டர் அடிப்படையிலான தைலங்கள் கிடைக்கின்றன. வாங்குமுன் தேன்மெழுகு இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

அதிகம் கோட்டைவிடுவது வீட்டுக்கு வந்த பிறகுதான். ஆறும்வரை தடவச் சொல்லும் பிரபல களிம்புகள் பலவற்றில் லனோலின் உண்டு. ஏ அண்ட் டி களிம்பில் அதோடு மீன் எண்ணெயும் சேரும். லேபிளில் வுல் ஃபேட், வுல் வாக்ஸ், அடெப்ஸ் லானே என்று எந்தப் பெயரில் இருந்தாலும் பொருள் ஒன்றுதான். 'ஹெர்பல்', 'ஆயுர்வேதிக்' என்ற சொற்களை நம்பி ஏமாற வேண்டாம். நூறு முறை கழுவிய நெய்யும் ஆயுர்வேத களிம்புதான். பச்சைப் புள்ளியும் உதவாது. அது சைவத்துக்கான குறி, பாலும் தேனும் அதற்குள் அடங்கிவிடும்.

செய்ய வேண்டியது எளிது. வாசனையில்லாத, வீகன் என்று போட்ட திரவ சோப்பால் ஒரு நாளைக்கு இரண்டு மூன்று முறை வெதுவெதுப்பான நீரில் கழுவி, டிஷ்யூவால் ஒற்றியெடுத்து, வாசனையில்லாத வீகன் லோஷனைத் தோல் மினுங்காத அளவுக்குத் தடவுங்கள். அப்பிவைத்தால் பொருக்கு ஊறி, உரியும்போது நிறத்தையும் கூட்டிக்கொண்டு போகும். தேங்காய் எண்ணெய் வீகன்தான், ஆனால் துளைகளை அடைத்துப் பரு கிளப்பும் என்பதால் முதல் வாரத்தில் வேண்டாம். மஞ்சள் பூசுவது அறவே கூடாது. மேல்தோல் ஆற இரண்டு முதல் நான்கு வாரம் ஆகும். அதுவரை நீச்சலும் வெயிலும் தள்ளியே இருக்கட்டும்.

சிவப்பு பரவி, சூடேறி, சீழ் வைத்தால் உடனே தோல் மருத்துவரைப் பாருங்கள். ஆன்டிபயாட்டிக் கேப்ஸ்யூலின் கூடு பெரும்பாலும் ஜெலட்டின். அதே மருந்து மாத்திரையாக வருமா என்று கேட்கலாம். வராது என்றால் கேப்ஸ்யூலையே விழுங்குங்கள், காய்ச்சலோடு கடை கடையாகத் தேடி அலையாதீர்கள்.